பிகினிப் பாட்டை யார் பாடினாலும் காசு யாருக்குப் போகிறது? (நேயர் சந்தேகத்துக்கு விளக்கம்)

சரி, அடுத்த சந்தேகம். ஒரு நேயர் நீளமாகக் கேட்டிருக்கிறார், சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். “சார், ‘இட்ஸி பிட்ஸி டீனி வீனி எல்லோ போல்கா டாட் பிகினி’ என்று ஒரு பழைய இங்கிலீஷ் பாட்டு. தேடினால் ஒரு அமெரிக்கப் பையன் பாடியது வருகிறது, பிரெஞ்சில் ஒரு அம்மா பாடியது வருகிறது, ஜெர்மனில் வருகிறது, கடைசியில் பெரிய கலர் கண்ணாடி மாட்டிக்கொண்டு ஒருத்தர் குதித்துக் குதித்துப் பாடுவதும் வருகிறது. இதில் எது ஒரிஜினல்? மற்றவர்கள் எல்லாம் ஒரிஜினல் பாடகருக்குப் பணம் கொடுத்தார்களா? இப்படி ஒரு அசட்டுப் பாட்டை ஏன் இத்தனை பேர் பாடுகிறார்கள்?”

நடுவில் கேட்டீர்களே, பாடகருக்குப் பணம் போனதா என்று, அதற்கு முதலிலேயே பதில் சொல்லிவிடுகிறேன். போகவில்லை. மற்றவர்கள் பாடியதற்காக அவருக்கு ஒரு சென்ட் கூடக் கிடைக்காது, கொடுக்க வேண்டும் என்று சட்டமும் சொல்லவில்லை. ஏன் அப்படி என்பதைச் சொல்லத்தான் மிச்சப் பதில் முழுவதும்.

ஒரிஜினல் அந்த அமெரிக்கப் பையன் பாடியதுதான். பெயர் பிரையன் ஹைலண்ட். நியூயார்க்கில் க்வீன்ஸ் பகுதிக்காரர். 1960 கோடையில் பாட்டு வெளிவந்தபோது அவருக்கு வயது 16. காப் ரெக்கார்ட்ஸ் கம்பெனியின் கிளை லேபிளான லீடரில் வந்தது. 1960 ஆகஸ்ட் 8 அன்று, அமெரிக்காவில் வாராவாரம் எந்தப் பாட்டு அதிகம் ஓடுகிறது என்று வரிசைப்படுத்துகிற பில்போர்டு ஹாட் 100 பட்டியலில் முதலிடம். ஒரே ஒரு வாரம்தான் இருந்தது, அடுத்த வாரமே எல்விஸ் பிரெஸ்லி ‘இட்ஸ் நவ் ஆர் நெவர்’ பாட்டோடு வந்து அந்த இடத்தைப் பிடித்துக்கொண்டார். அதுவும் என்ன பாட்டு? ‘ஓ சோலே மியோ’ என்ற பழைய இத்தாலிய மெட்டுக்கு இங்கிலீஷில் புது வரிகள் எழுதிப் பாடியது. அதாவது அந்தக் காலத்தில் மெட்டு ஓரிடம், வரி ஓரிடம், குரல் ஓரிடம் என்று பிரிந்து கிடப்பது சாதாரண விஷயம். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், கவர் பாட்டு, அதாவது ஒருவர் பாடி வந்த பாட்டை இன்னொருவர் திரும்பப் பாடிப் பதிவு செய்வது, அந்த விஷயம் முழுக்க இதில்தான் நிற்கிறது.

பாட்டை உருவாக்கியது ஹைலண்ட் இல்லை. வரிகள் பால் வான்ஸ், மெட்டு லீ போக்ரிஸ். இவர்கள் இரண்டு பேரும் வேடிக்கைப் பாட்டு மட்டும் எழுதிப் பிழைத்த ஆட்கள் என்று நினைக்க வேண்டாம். பெரி கோமோ என்ற அமெரிக்கப் பாடகர் பாடிய ‘கேட்ச் எ ஃபாலிங் ஸ்டார்’ இவர்கள் எழுதியதுதான். அமெரிக்க இசைத்தட்டுக் கம்பெனிகளின் சங்கம் 1958இல் நிறைய விற்ற இசைத்தட்டுகளுக்கு கோல்டு டிஸ்க் சான்றிதழ் கொடுக்க ஆரம்பித்தபோது முதல் சான்றிதழ் அந்த இசைத்தட்டுக்குத்தான் போனது. ஆக, தொழில் தெரிந்தவர்கள் உட்கார்ந்து வேண்டுமென்றே அசட்டுத்தனமாக ஒன்றைச் செய்திருக்கிறார்கள். அசட்டுத்தனத்தையே தொழில்சுத்தமாகச் செய்வது எவ்வளவு கஷ்டம் என்று, பாட்டு எழுத முயற்சி செய்து பார்த்தவர்களைக் கேட்டால் சொல்வார்கள்.

பாட்டில் என்ன கதை? ஒரு பெண் புதிதாக, மஞ்சளில் புள்ளி போட்ட குட்டி பிகினி, அதாவது இரண்டு துண்டு நீச்சலுடை, போட்டிருக்கிறாள், முதல் தடவை. உடை மாற்றும் அறையை விட்டு வெளியே வரக் கூச்சம். எப்படியோ வருகிறாள், வந்ததும் போர்வையைச் சுற்றிக்கொண்டு கரையில் உட்கார்ந்துகொள்கிறாள். அப்புறம் தண்ணீரில் இறங்குகிறாள், இறங்கியவளுக்கு மேலே ஏறி வரக் கூச்சம், குளிரில் உடம்பு நீலமாகிறது. அவ்வளவுதான் கதை. அந்தப் பெண்ணுக்கு என்ன வயது என்று பாட்டில் எங்கேயும் இல்லை. கேட்பவர்கள் எல்லாரும் இளம்பெண் என்றுதான் எடுத்துக்கொள்கிறார்கள். ஆனால் பால் வான்ஸ் சொன்ன விவரம் வேறு. கடற்கரையில் அவருடைய இரண்டு வயது மகள் பிகினி போட்டுக்கொண்டு வெட்கப்பட்டதைப் பார்த்துத்தான் எழுதினாராம். இது தெரிந்தபிறகு திரும்பக் கேட்டுப் பாருங்கள், போர்வைக்குள் ஒளிவது, தண்ணீரை விட்டு வரமாட்டேன் என்று அடம்பிடிப்பது எல்லாம் அப்படியே குழந்தை செய்கிற வேலையாகத் தெரியும். வயதைச் சொல்லாமல் விட்டது தற்செயலாக நடந்ததாக எனக்குத் தோன்றவில்லை. சொல்லியிருந்தால் அது குழந்தைப் பாட்டாகப் போய் ஒதுங்கியிருக்கும், வேறு மாதிரிச் சொல்லியிருந்தால் 1960இல் பல ரேடியோக்காரர்கள் முகம் சுளித்திருப்பார்கள்.

பிகினி என்ற உடையே அப்போது அமெரிக்காவில் கொஞ்சம் கூச்சமான சமாசாரம். 1946 ஜூலையில், பசிபிக் கடலில் பிகினி தீவுத்திட்டில் அமெரிக்கா அணுகுண்டுச் சோதனை நடத்திய சில நாளில், பாரிஸில் லூயி ரெயார் என்பவர் அந்தப் பெயரையே வைத்து உடையை வெளியிட்டார். பதினாலு வருஷம் கழித்தும் அது அமெரிக்கக் கடற்கரைகளில் எல்லாரும் சகஜமாகப் போடுகிற உடையாக ஆகியிருக்கவில்லை. அந்தச் சங்கடத்தை எடுத்துத்தான் பாட்டு சிரிக்கிறது. பாட்டு வந்ததால்தான் பிகினி விற்பனை ஏறியது என்று நிறையப் பேர் சொல்வார்கள். முழுப் பெருமையையும் பாட்டுக்குக் கொடுப்பது கொஞ்சம் அதிகம் என்று நான் நினைக்கிறேன், சினிமாவும் அதே வேலையை அதே காலத்தில் செய்துகொண்டிருந்தது.

அப்புறம் அந்த எண்ணிக்கை. ஒவ்வொரு தடவையும் பையன் கதையைச் சொல்லிக்கொண்டே வருவான், இசை நிற்கும், ஒரு பெண் குரல் நடுவில் புகுந்து இரண்டு, மூன்று, நாலு என்று எண்ணி, என்ன உடுத்தியிருந்தாள் என்று எல்லாருக்கும் சொல் என்று பேச்சுக் குரலில் கேட்கும். அதற்குப் பிறகுதான் அந்த நீளமான பெயர் மொத்தமும் கொட்டும். பாட்டின் சரக்கு முழுவதும் அந்தச் சின்ன நிறுத்தத்தில் இருக்கிறது. முதல் தடவை என்ன வரப்போகிறது என்று நமக்குத் தெரியாது. இரண்டாவது தடவை தெரியும், ஆனாலும் காத்திருப்போம். மூன்றாவது தடவை நாமே கூடச் சேர்ந்து கத்துவோம். இது எழுத்திலேயே இருக்கிற வித்தை. குறிப்பிட்ட ஒரு பாடகரின் குரலிலோ, ஒரு ஸ்டூடியோவின் சத்தத்திலோ இல்லை.

இந்த வித்தியாசம் முக்கியம், உங்கள் மூன்றாவது கேள்விக்குப் பாதிப் பதில் இதுதான். அதே காலத்து இன்னொரு வேடிக்கைப் பாட்டை எடுங்கள், 1958இல் வந்த ‘விட்ச் டாக்டர்’. ராஸ் பாக்தசாரியன், டேவிட் செவில் என்ற பெயரில் செய்தது. அதில் வேடிக்கை, டேப்பின் வேகத்தை மாற்றி ஒரு குரலைக் கீச்சுக் குரலாக ஆக்கியது. அமெரிக்காவில் முதலிடம் போனது. அதே வருஷம் பிரிட்டனில் டான் லாங் என்பவர் பாடி அதுவும் நன்றாக ஓடியது, 1998இல் டென்மார்க்கின் கார்ட்டூன்ஸ் குழு எடுத்துச் செய்தது. ஆனால் அந்தப் பாட்டை யார் தொட்டாலும் கீச்சுக் குரல் இருக்கிறதா என்றுதான் ஜனங்கள் தேடுவார்கள். பிகினிப் பாட்டில் அந்தச் சுமை இல்லை. எண்ணிக்கை சரியாக விழுந்தால் போதும், பதினாறு வயதுப் பையன் பாடலாம், ஒரு அம்மா பாடலாம், மொத்தக் கூட்டமும் பாடலாம்.

சரி, பணம். ஒரு பாட்டில் இரண்டு தனித்தனி உரிமைகள் இருக்கின்றன. ஒன்று பாட்டின் மேல், அதாவது வரிகளும் மெட்டும் சேர்ந்தது. அது எழுதியவர்களுக்கும், அவர்கள் சார்பில் பாட்டின் உரிமையைக் கவனித்துக்கொள்கிற மியூசிக் பப்ளிஷருக்கும் சொந்தம். இன்னொன்று ஒரு குறிப்பிட்ட ஒலிப்பதிவின் மேல், அது பெரும்பாலும் இசைத்தட்டுக் கம்பெனிக்குச் சொந்தம், பாடகருக்கு அதில் ஒப்பந்தப்படி ஒரு பங்கு. பாட்டு ஒரு வீடு என்றால் வான்ஸும் போக்ரிஸும் வீட்டுக்காரர்கள், ஹைலண்ட் முதலில் குடிவந்தவர். அவருக்குப் பிறகு நூறு பேர் குடிவந்தாலும் வாடகை வீட்டுக்காரருக்குத்தானே போகும். முதலில் குடியிருந்தவர் எவ்வளவு பெயர் வாங்கியிருந்தாலும் அடுத்தவர் வாடகையில் அவருக்குப் பங்கு கிடையாது.

அமெரிக்காவில் இந்த வாடகையைச் சட்டமே நிர்ணயித்து வைத்திருக்கிறது, அது வந்த கதை கொஞ்சம் சுவாரசியமானது. 1900களின் தொடக்கத்தில் தானாக வாசிக்கிற பியானோக்கள் இருந்தன, துளை போட்ட காகிதச் சுருளை மாட்டினால் வாசிக்கும். அந்தச் சுருளைப் பாட்டின் பிரதி என்று சொல்ல முடியாது என்று 1908இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லிவிட்டது, எழுதியவர்களுக்கு அதில் காசு இல்லை. அடுத்த வருஷமே, 1909இல், அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் சட்டத்தைத் திருத்தி எழுதியவருக்கு அந்த உரிமையைக் கொடுத்தது. கொடுக்கும்போது இன்னொரு பயம் வந்தது. ஏயோலியன் என்ற பெரிய பியானோ கம்பெனி முன்கூட்டியே பப்ளிஷர்களோடு ஒப்பந்தம் போட்டுவைத்திருந்தது, இப்படியே விட்டால் எல்லாப் பாட்டும் ஒரே ஆள் கைக்குள் போய்விடும். அதனால் ஒரு நிபந்தனை போட்டார்கள். ஒரு பாட்டை எழுதியவர் சம்மதத்தோடு ஒருமுறை பதிவு செய்து வெளியிட்டுவிட்டால், அதற்குப் பிறகு யார் வேண்டுமானாலும் பதிவு செய்யலாம், எழுதியவர் மறுக்க முடியாது, ஆனால் ஒரு பிரதிக்கு 2 சென்ட் கொடுத்துவிட வேண்டும். கட்டாய உரிமம் என்று இதற்குப் பெயர். கவர் பாட்டு என்ற தொழிலே அமெரிக்காவில் இந்த விதியின் மேல்தான் வளர்ந்தது.

அந்த 2 சென்ட் எத்தனை வருஷம் மாறாமல் இருந்தது தெரியுமா? 1978 வரை. கிட்டத்தட்ட எழுபது வருஷம்! ரொட்டி விலை ஏறியது, வாடகை ஏறியது, பாட்டு விலை மட்டும் அப்படியே நின்றது. ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். 1960இல் ஒரு பாட்டு பத்து லட்சம் பிரதி விற்றால் 20,000 டாலர். வழக்கமான ஏற்பாட்டில் பாதி பப்ளிஷருக்கு, மீதிப் பத்தாயிரத்தை எழுதியவர்கள் இரண்டு பேர் பிரித்துக்கொண்டால் ஆளுக்கு 5,000 டாலர். நாடே பாடுகிற பாட்டுக்கு இவ்வளவுதான். இன்னொரு கூத்து, அந்த இசைத்தட்டின் மறுபக்கம் யாருமே கேட்காத ஒரு பாட்டு இருக்கும், அதை எழுதியவருக்கும் சட்டப்படி அதே 2 சென்ட்தான்.

அதனால்தான் எழுதியவருக்கு முதல் ஹிட்டை விட அதற்குப் பிறகு வருவது முக்கியம். கவர் வந்தால் காசு, ரேடியோவில் போட்டால் காசு, சினிமாவில், விளம்பரத்தில் வைத்தால் பேசி வாங்குகிற பெரிய காசு. ரேடியோ விஷயத்தில் பாடகர் நிலைமை இன்னும் மோசம். அமெரிக்காவில் ஏஎம், எஃப்எம் ரேடியோவில் பாட்டு ஒலிபரப்பானால் எழுதியவருக்கும் பப்ளிஷருக்கும் பணம் உண்டு, பாடினவருக்கு இல்லை. அவருடைய சொந்தக் குரலே போனாலும் இல்லை. சாட்டிலைட் ரேடியோ, இணைய ரேடியோவுக்கு விதி வேறு, அங்கே பாடகருக்கும் கிடைக்கும். ஆனால் 1960இல் அதெல்லாம் ஏது?

இப்போது ஹைலண்டைப் பாருங்கள். ஒற்றைப் பாட்டோடு முடிந்துபோன ஆள் இல்லை அவர். 1962இல் ‘சீல்டு வித் எ கிஸ்’ என்ற சோகமான காதல் பாட்டு, அமெரிக்காவில் மூன்றாமிடம். 1970இல் ‘ஜிப்சி வுமன்’, அதுவும் மூன்றாமிடம். ஆனாலும் பெயரைச் சொன்னால் பிகினிப் பையன் என்றுதான் ஞாபகம் வருகிறது, வேடிக்கைப் பாட்டு பாடினவர்களுக்கு எப்போதும் நடக்கிற கதி. இதை விடப் பெரிய கூத்து பிரிட்டனில் நடந்தது. அங்கே அவருடைய பிகினிப் பாட்டு எட்டாமிடம் வரை போனது, ‘சீல்டு வித் எ கிஸ்’ மூன்றாமிடம் வரை. முதலிடம் இரண்டுக்கும் இல்லை. 1989இல் ஜேசன் டோனவன் என்ற ஆஸ்திரேலியப் பாடகர் ‘சீல்டு வித் எ கிஸ்’ பாடுகிறார், பிரிட்டனில் முதலிடம். அடுத்த வருஷமே பிகினிப் பாட்டை வேறு ஒரு குழு பாடுகிறது, அதுவும் முதலிடம். ஒருவர் பிரபலமாக்கிய இரண்டு பாட்டும் அடுத்தடுத்த வருஷங்களில், அடுத்தவர் குரலில் உச்சிக்குப் போயின, இரண்டையும் அவர் எழுதவில்லை என்பதால் இரண்டிலும் அவருக்கு ஒன்றும் இல்லை. ‘சீல்டு வித் எ கிஸ்’ எழுதியவர்கள் பீட்டர் யூடெல், கேரி கெல்ட். வந்த பணம் அவர்கள் பக்கம்.

சரி, பிரெஞ்சு, ஜெர்மன் பாட்டுகள். நீங்கள் பார்த்த பிரெஞ்சு அம்மா தலிதா. கெய்ரோவில் இத்தாலியக் குடும்பத்தில் பிறந்து பாரிஸில் பெரிய நட்சத்திரம் ஆனவர். ஹைலண்ட் பாடிய அதே 1960இலேயே அவரும் பாடிவிட்டார். அதே வருஷம் ஜானி ஹாலிடேயும் பாடினார், அவருக்கு அப்போது 17 வயது. ரிச்சர்ட் ஆந்தனியும் பாடினார். ஒரே நாட்டில், ஒரே சமயத்தில், ஒரே பாட்டு, மூன்று பேர்! இன்றைக்கு இது விநோதமாகத் தெரியும். அன்றைக்கு ஒரு அமெரிக்கப் பாட்டு ஹிட் என்றால் ஒவ்வொரு நாட்டிலும் அதற்கு ஒரு பப்ளிஷர் உரிமை வாங்குவார், உள்ளூர்ப் பாடலாசிரியரை வைத்து வரிகள் எழுத வைப்பார், ஒரு பாடகர் பாடினால் ஒரு வருமானம், நாலு பேர் பாடினால் நாலு வருமானம், எனவே எந்தக் கம்பெனி கேட்டாலும் எடுத்துக்கொள் என்று கொடுப்பார். ஜனங்களும் தங்கள் மொழியில், தங்களுக்குத் தெரிந்த குரலில் கேட்கத்தான் விரும்பினார்கள். அமெரிக்காவுக்குள்ளேயே கூட இப்படி நடக்கும், அதே 1960 கோடையில் ‘ஆலி ஊப்’ என்ற இன்னொரு வேடிக்கைப் பாட்டை ஹாலிவுட் ஆர்கைல்ஸ் முதலிடத்துக்குக் கொண்டுபோனபோது, வேறு குழுக்கள் பாடிய அதே பாட்டும் பக்கத்திலேயே பட்டியலில் ஓடிக்கொண்டிருந்தது.

பிரெஞ்சு வரிகளை எழுதியவர்களில் ஒருவர் லூசியன் மொரிஸ். அவர் யார் என்று பார்த்தால் கொஞ்சம் புன்னகை வரும். யூரோப் 1 ரேடியோவில் எந்தப் பாட்டு போக வேண்டும் என்று முடிவு செய்கிற நிகழ்ச்சிப் பொறுப்பாளர். தலிதாவை வளர்த்துவிட்டவர், 1961இல் அவரையே திருமணமும் செய்துகொண்டார். வரியில் பங்கு, பாடுகிறவர் வருங்கால மனைவி, ஒலிபரப்புவது தன் ரேடியோ. நான் குற்றம் சொல்லவில்லை, அந்தக் காலத்துத் தொழில் எப்படி ஓடியது என்று காட்டத்தான் சொல்கிறேன்.

ஜெர்மனில் வந்தது க்ளப் ஹொனலுலு என்ற குழுவின் பெயரில். அப்படி ஒரு குழுவே கிடையாது. காட்டரினா வாலென்ட்டேவும் அவருடைய அண்ணன் சில்வியோ ஃப்ரான்செஸ்கோவும் சேர்ந்து பாடியது. காட்டரினா அப்போது ஐரோப்பாவில் பெரிய பெயர், பல மொழிகளில் பாடுவார், இந்த மாதிரி லேசான பாட்டுகளுக்கு ‘க்ளப்’ என்று ஆரம்பிக்கிற வேறு வேறு பெயர்களில் மறைந்துகொள்வார்கள் இரண்டு பேரும். ஜெர்மன் தலைப்பில் மஞ்சளையும் புள்ளியையும் தூக்கிவிட்டு ஹொனலுலு கடற்கரையைச் செருகிவிட்டார்கள், தாளத்தில் உட்கார வேண்டுமே. ஜெர்மனியிலும் முதலிடம். பிரேசிலில் 1960களிலேயே ரோனி கார்ட் போர்த்துகீசிய மொழியில் பாடினார், அங்கே மஞ்சளும் புள்ளியும் பத்திரமாக இருக்கின்றன, 1980களில் ப்ளிட்ஸ் என்ற ராக் குழு அதையே திரும்ப எடுத்துச் செய்தது.

இவ்வளவு பேர் பாடினாலும் எல்லாருக்கும் பிடித்த பாட்டு என்று நினைத்துவிடாதீர்கள். 1961இல் பில்லி வைல்டர் எடுத்த ‘ஒன், டூ, த்ரீ’ என்ற படம், பெர்லினில் நடக்கிற கதை. அதில் கிழக்கு ஜெர்மன் போலீஸ் ஒரு இளைஞனைப் பிடித்து, அவன் அமெரிக்க உளவாளி என்று ஒப்புக்கொள்ள வைக்க வேண்டும். என்ன செய்கிறார்கள்? இந்தப் பாட்டைத் திரும்பத் திரும்பப் போடுகிறார்கள். அவன் உடைந்துபோய் ஒப்புக்கொள்கிறான். பாட்டு வந்து ஒரு வருஷம்தான் ஆகியிருந்தது, அதற்குள் எல்லாருக்கும் எப்படிக் காது புளித்திருந்தால் அரங்கில் அந்த ஜோக் எடுபட்டிருக்கும்! இதிலும் ஒரு விஷயம், சித்திரவதைக்குப் போட்டாலும் பாட்டைப் படத்தில் வைக்க உரிமை வாங்கத்தான் வேண்டும்.

கலர் கண்ணாடிக்காரருக்கு வருவோம். டிம்மி மாலெட். பிரிட்டனில் குழந்தைகள் டிவி நிகழ்ச்சி நடத்தியவர், பெரிய பஞ்சுச் சுத்தியல் வைத்துக்கொண்டு சிறுவர்களின் தலையில் அடிப்பார், அதுதான் அவருடைய அடையாளம். 1990இல் பாம்பலுரினா என்ற பெயரில் இந்தப் பாட்டைப் பாடினார், மூன்று வாரம் முதலிடம். பின்னால் இருந்து செய்தவர் யார் தெரியுமா? ஆண்ட்ரூ லாயிட் வெப்பர். மேடை இசை நாடகங்களில் உலகம் முழுக்கப் பெயர் வாங்கியவர். பாம்பலுரினா என்பதே அவருடைய ‘கேட்ஸ்’ நாடகத்தில் வருகிற ஒரு பூனையின் பெயர்தான்.

எனக்கு இந்த 1990 பதிவு பிடிக்காது, சொல்லிவிடுகிறேன். கோபித்துக்கொள்ளாதீர்கள், சின்ன வயதில் கேட்டவர்களுக்கு வேறு மாதிரி இருக்கலாம். பாட்டில் வேடிக்கை எங்கே இருந்தது என்று முன்னால் சொன்னேன், நிறுத்தத்தில். ஹைலண்ட் பாடும்போது அவர் சிரிக்கவே மாட்டார், அப்பாவியாக நடந்ததைச் சொல்லிக்கொண்டு போவார், அந்தப் பெண் குரல்தான் கிண்டல் செய்யும். தலிதா இன்னும் நன்றாகச் செய்திருக்கிறார், ஏதோ ஊர்க்கதை சொல்கிற மாதிரி, உள்ளுக்குள் சிரிப்பை அடக்கிக்கொண்டு. டிம்மி மாலெட் முதல் நொடியிலிருந்தே இது ஜோக் இது ஜோக் என்று கத்திக்கொண்டே இருக்கிறார், அடியில் டிரம் மெஷின் நிற்காமல் அடிக்கிறது, நிறுத்தம் வரும்போது நிறுத்தமாகவே தெரியவில்லை. ஆனால் பாருங்கள், முதலிடம் போனது அதுதான். அந்தக் கோடையில் பார்ட்டிகளில் ஆடுவதற்கு ஜனங்களுக்கு அது தேவைப்பட்டிருக்கிறது. என் ரசனையை யார் கேட்டார்கள்?

எழுதியவரைப் பற்றி ஒரு கதை இருக்கிறது, அதைச் சொல்லாமல் விட்டால் பாவம். 2006 செப்டம்பரில், பிகினிப் பாட்டு எழுதிய பால் வான்ஸ் காலமானார் என்று அமெரிக்காவில் செய்தி வந்தது. ஃப்ளோரிடாவில் 68 வயதில் ஒருவர் இறந்திருக்கிறார். அவர் வாழ்நாள் முழுக்கத் தன் மனைவியிடம், நான்தான் அந்தப் பாட்டை எழுதினேன், பால் வான்ஸ் என்பது என் புனைபெயர், சின்ன வயதிலேயே உரிமையை விற்றுவிட்டேன் என்று சொல்லி வைத்திருந்தார். மனைவி அதை முழுசாக நம்பியிருந்தார், பாவம், அவர் மேல் தப்பே இல்லை. உரிமையை விற்றுவிட்டேன் என்பது எவ்வளவு வசதியான பொய் பாருங்கள், வீட்டுக்குப் பணம் ஏன் வரவில்லை என்று யாரும் கேட்க முடியாது. செய்தி நிறுவனமும் வெளியிட்டுவிட்டது. நிஜமான பால் வான்ஸ் 76 வயதில் உயிரோடு இருக்கிறார்! நான் சாகவில்லை என்று ஒவ்வொருவருக்கும் சொல்ல வேண்டிய நிலைமை. அவர் பந்தயக் குதிரைகள் வைத்திருந்தார், சொந்தக்காரர் இறந்துவிட்டார் என்று நினைத்து அவருடைய இரண்டு குதிரைகளைப் பந்தயத்திலிருந்தே எடுத்துவிட்டார்களாம். அந்தப் பாட்டு தனக்குப் பல மில்லியன் டாலர் சம்பாதித்துக் கொடுத்தது என்றும் அப்போதுதான் சொன்னார்.

கவனியுங்கள், 2 சென்ட்டில் ஆரம்பித்தது பல மில்லியன். நாற்பத்தாறு வருஷம், எத்தனையோ நாட்டுக் கவர்கள், சினிமா, விளம்பரம், ரேடியோ எல்லாம் சேர்ந்து. பால் வான்ஸ் 2022இல் 92 வயதில் காலமானார், அது நிஜமான செய்தி. போக்ரிஸ் 2011இலேயே போய்விட்டார். இன்னொன்றும் யோசித்துப் பாருங்கள். பாடியவன் நான்தான் என்று ஒருவர் இத்தனை வருஷம் பொய் சொல்லியிருக்க முடியுமா? ஹைலண்டின் முகம் எல்லாருக்கும் தெரியும். எழுதியவர் முகம் யாருக்கும் தெரியாது, அதனால்தான் அந்தப் பொய் அவ்வளவு காலம் ஓடியது.

இந்த நேயர் கடைசியில் இன்னொரு வரி கேட்டிருக்கிறார், நான் விட்டுவிட்டேன். “இதைத் தமிழில் பாடி என் சேனலில் போடலாமா?” என்று. நீங்கள் அப்படியே இங்கிலீஷ் வரிகளோடு, மெட்டை மாற்றாமல் பாடிப் பதிவு செய்தால் அது கவர். தமிழில் புது வரி எழுதினால் அது மொழிபெயர்ப்பு. நான் சொன்ன அந்த அமெரிக்கக் கட்டாய உரிமம் மொழிபெயர்ப்புக்குப் பொருந்தாது, பாட்டின் அடிப்படை மெட்டையும் தன்மையையும் மாற்றக்கூடாது என்று அதிலேயே நிபந்தனை இருக்கிறது. பப்ளிஷரிடம் தனியாக அனுமதி வாங்க வேண்டும். தலிதாவுக்கு எழுதியவர்களும் அப்படித்தான் பப்ளிஷர் வழியாக வந்தார்கள். இன்னொன்று, அந்த உரிமம் வெறும் ஒலிக்குத்தான். வீடியோவோடு சேர்த்துப் போட்டால் அதற்கு அனுமதி வேறு. யூடியூபில் நிறையப் பேர் போடுகிறார்களே என்பீர்கள். பல பப்ளிஷர்கள் யூடியூபோடு ஒப்பந்தம் போட்டிருப்பதால் வீடியோவை நீக்காமல் விளம்பர வருமானத்தை மட்டும் தங்கள் பக்கம் திருப்பிக்கொள்கிறார்கள். அவர்கள் நினைத்தால் நீக்கவும் முடியும்.

நீங்கள் பாடுவதானால் ஒரே ஒரு யோசனை. எண்ணிக்கை வருகிற இடத்தில் அவசரப்படாமல் நிறுத்துங்கள். சரி, அடுத்த கேள்வியைப் பார்ப்போம்.